இரவு ராணிக் குச்சி கேட்டவர்களுக்கு

அன்புள்ள மாடித்தோட்ட நண்பர்களுக்கு,

சென்ற முறை விதை மாற்றிக்கொள்ளக் கூடியபோது, கத்தரி, வெண்டை, கொத்தவரை விதைகளையெல்லாம் ஓரமாகத் தள்ளிவிட்டு நீங்கள் என்னிடம் கேட்டது ஒன்றைத்தான்: இரவு ராணிக் குச்சி. ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகப் பதில் சொல்லிக்கொண்டிருக்க முடியாது என்பதால் எல்லோருக்கும் சேர்த்து இந்த மடல். குச்சி தருகிறேன். ஆனால் எல்லோருக்கும் தரமாட்டேன். யாருக்கு இல்லை, ஏன் இல்லை என்பதை இப்போதே சொல்லிவிட்டால் அடுத்த கூட்டத்தில் மனத்தாங்கல் இருக்காது.

எந்தச் செடி என்பதில் முதலில் குழப்பம் வேண்டாம். நர்சரியில் போய் 'நைட் குயின்' என்று கேட்டால் கடைக்காரர் மனநிலையைப் பொறுத்து ஏதாவது ஒன்று கைக்கு வரும். சில இடத்தில் பிரம்ம கமலம் என்ற பெயரில் விற்கும் கள்ளியைக் கொடுப்பார்கள்; தட்டைத் தண்டும், ஓர் இரவோடு வாடிவிடும் பெரிய வெள்ளைப் பூவும் கொண்டது. சில இடத்தில் பவளமல்லியை நீட்டுவார்கள். நாம் பேசுவது செஸ்ட்ரம் நாக்டர்னம். வடக்கே ராத் கி ராணி. வளைந்து தொங்கும் நீண்ட கிளைகள், பளபளப்பான கூர் இலை, இலைக்கக்கத்தில் கொத்துக் கொத்தாகப் பச்சை கலந்த வெள்ளைக் குழல் பூக்கள். ஒரு பூவின் நீளம் 2 செ.மீ.யைக் கொஞ்சம் தாண்டும். பகலில் பார்த்தால் மூடிக் கிடக்கும். பூத்திருக்கிறது என்றே தெரியாது. மணமும் இருக்காது. இருட்டியதும் நுனியில் ஐந்து இதழ்ப் பிளவுகள் விரியும். அப்புறம் தெருமுனையில் வருகிறவருக்கும் தெரிந்துவிடும்.

பூர்விகம் மேற்கிந்தியத் தீவுகளும் மெக்சிகோ, நடு அமெரிக்கப் பகுதிகளும். 1753-இல் லின்னேயஸ் இதற்கு அறிவியல் பெயர் வைத்தார். 'நைட் ஜாஸ்மின்' என்று சீட்டு ஒட்டி விற்றாலும் மல்லிகைக் குடும்பத்துக்கும் இதற்கும் ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. கத்தரி, தக்காளி, மிளகாய், சுண்டை, ஊமத்தை எல்லாம்தான் இதன் பங்காளிகள். இதை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் சொல்லப்போகிற பல விஷயங்களுக்கு இந்தக் குடும்பம்தான் காரணம்.

இனி மணம். நீங்கள் ஆசைப்படுவதும் அதற்குத்தான், நான் யோசிப்பதும் அதனால்தான்.

நம் ஊரில் பூ என்றால் பறிப்போம், தொடுப்போம், தலையில் வைப்போம், சாமிக்குச் சாத்துவோம். மல்லிகையின் மணம் யாருக்கு வேண்டுமோ அவரோடு போகும். பிடிக்காதவர் இரண்டடி தள்ளி நின்றால் தீர்ந்தது. இரவு ராணி அப்படியில்லை. இதைத் தொடுக்க முடியாது, கூந்தலில் நிற்காது, காலையில் கூடையில் போட ஒன்றும் இருக்காது. மணம் மட்டும்தான் இதன் வரவு. அதையும் வீட்டுக்காரர் பார்த்துப் பங்கு பிரிக்க முடியாது. காற்று எங்கே கொண்டுபோகிறதோ அங்கே போகும். பூ விரிவதும் மணம் கிளம்புவதும் செடிக்குள்ளேயே ஓடும் ஒரு தாளத்தால் நடக்கின்றன என்று 1960-இல் அமெரிக்கத் தாவரவியல் ஆய்விதழ் ஒன்றில் கட்டுரையே வந்திருக்கிறது. அந்தி வந்ததும் வேலையைத் தொடங்கிவிடும். இன்றைக்குப் பக்கத்து வீட்டில் குழந்தைக்குக் காய்ச்சல், கொஞ்சம் அடங்கி இரு என்று அதனிடம் சொல்ல வழியில்லை.

அது மணப்பது நமக்காகவும் இல்லை, அந்துப்பூச்சிகளுக்காக. வெளிர் நிறம், நீண்ட குழல், இரவு வாசனை மூன்றும் அவற்றை அழைக்கும் ஏற்பாடு. முட்டைக்கோசைத் தின்னும் காவடிப்புழுவின் தாய்ப்பூச்சி இந்தப் பூவை நாடி வருவதைக் கவனித்து, எந்த வேதிப்பொருள் அதை இழுக்கிறது என்று அமெரிக்காவில் பிரித்துப் பார்த்திருக்கிறார்கள். பென்சால்டிஹைடு, பீனைல் அசிட்டால்டிஹைடு, பென்சைல் அசிட்டேட் என்று ஒரு கலவை. முதலாவது கசப்பு வாதுமையின் வாசனை. கடைசியில் சொன்னது மல்லிகையிலும் நிறைய இருப்பது. மோந்து பார்த்தால் ஒரு கணம் மல்லிகை நினைவு வருவது அதனால்தான். அடுத்த கணமே இனிப்பு தூக்கலாகித் தொண்டையில் நிற்கும். இருபது முப்பது அடி தள்ளி நின்றால் இதைப்போல் சுகமான வாசனை குறைவு. மூக்கருகே வந்தால் திகட்டும். அகர்பத்திக் கட்டு முழுவதையும் ஒரே நேரத்தில் கொளுத்தி, ஜன்னலைச் சாத்திய அறைக்குள் உட்கார்ந்திருப்பது போலிருக்கும்.

ஆகவே என் முதல் நிபந்தனை: படுக்கையறை ஜன்னலுக்கு அடியில் இதை வைக்கப்போகிறவர்கள் குச்சி கேட்க வேண்டாம். உங்கள் படுக்கையறை என்று மட்டும் இல்லை, அடுத்த வீட்டாருடையதும்தான். ஆஸ்துமா உள்ளவர்களுக்கும் ஒற்றைத் தலைவலிக்காரர்களுக்கும் கடுமையான வாசனை எதுவானாலும் தொந்தரவைக் கிளப்பக்கூடும். இந்தச் செடி சீஸனில் ஒரே மூச்சாகப் பூக்கும். சில நாள் அமளி, பிறகு ஓய்வு, மறுபடி ஒரு சுற்று. அந்த அமளி நாள்களில் இரவெல்லாம் ஜன்னலைச் சாத்திவைத்துப் புழுங்கிக்கொண்டு கிடந்த ஒரு பெரியம்மாவை எனக்குத் தெரியும். செடி வைத்தவர்கள் நல்ல மனிதர்கள். அவர்களிடம் போய், 'உங்க பூ வாசனை எனக்கு ஆகலை' என்று சொல்ல அவருக்கு நாக்கு எழவில்லை. குப்பை கொட்டினால் சண்டை போடலாம். வாசனை வருகிறது என்று யார் சண்டைக்குப் போவார்கள்? அதனால்தான் சொல்கிறேன், அவர்கள் கேட்பதற்கு முன் நாமே யோசித்துவிட வேண்டும்.

யோசிப்பதற்கு எளிய வழி இருக்கிறது. செடி வைக்க நினைக்கும் இடத்தில் இரவு ஒன்பது மணிக்கு ஓர் ஊதுவத்தியைக் கொளுத்திப் புகை எந்தப் பக்கம் சாய்கிறது என்று பாருங்கள். ஒரு வாரம் பாருங்கள். சென்னை போன்ற கடலோர ஊர்களில் கோடைப் பகலில் கிழக்கிலிருந்து வரும் கடற்காற்று இரவு ஏற ஏற ஓய்ந்து, நிலத்திலிருந்து காற்று திரும்பும். சாயங்காலம் ஆறு மணிக்குப் பார்த்து முடிவு செய்தால் பத்து மணிக்கு எல்லாம் தலைகீழாகியிருக்கும். புகை உங்கள் முற்றத்துப் பக்கமோ காலிமனைப் பக்கமோ போனால் அது நல்ல இடம். மேல்மாடிக்காரரின் ஜன்னலுக்குப் போனால் வேறு மூலை தேடுங்கள். தனி வீடு, நாலு பக்கமும் கொஞ்சம் மண், வாசல் கேட்டை ஒட்டி ஒரு மூலை என்று இருப்பவர்கள் யோசிக்கவே வேண்டாம். இந்தச் செடிக்கென்றே அமைந்த இடம் அது. இரவு வேலை முடிந்து வண்டியை நிறுத்தும்போது ஒரு வீச்சு வந்து மோதினால் போதும், நாள் அலுப்பில் பாதி இறங்கிவிடும்.

அடுத்தது காய். பூ முடிந்ததும் முத்து முத்தாக வெள்ளைப் பழங்கள் வரும், பார்க்க அழகாக இருக்கும். ஆனால் செடியின் எல்லாப் பாகத்திலும் நஞ்சு உண்டு, பழமும் விலக்கில்லை. நம் வீட்டுப் பிள்ளைகளுக்கு மாடியில் மணத்தக்காளிப் பழத்தைப் பறித்து வாயில் போடும் பழக்கம் இருக்கிறது. நாம்தான் சொல்லிக்கொடுத்தோம். அதே குடும்பத்து இலை, அதே போலச் சின்ன உருண்டைப் பழம், நிறம்தான் வேறு. ஐந்து வயதுக் குழந்தையிடம் கறுப்பைத் தின்னலாம், வெள்ளையைத் தொடாதே என்று பாடம் நடத்துவதைவிட, பழம் பிடிக்கும் முன்னே பூக்கொத்துகளை வெட்டிவிடுவது சுலபம். நாய், பூனை வளர்ப்பவர்களுக்கும் இதையேதான் சொல்வேன். வெட்டிய கிளைகளைத் தெருவோரம் போடாதீர்கள். நம் தெருக்களில் பச்சை எது கிடந்தாலும் மாடு வந்து வாய் வைக்கும், ஆடு அதற்கு முன்பே வந்துவிடும். கால்நடைக்கு இது ஆகாது. சாக்கில் கட்டிக் காயவைத்து அப்புறப்படுத்துங்கள்.

பாம்பு வருமா என்று மூன்றில் இரண்டு பேர் கேட்டீர்கள். தாழம்பூவுக்கும் இதே கதை, மனோரஞ்சிதத்துக்கும் இதே கதை. மணக்கிற எந்தச் செடியையும் நம் பாட்டிமார் பாம்பிடமிருந்து பிரித்துப் பார்த்ததே இல்லை. பாம்பு நாக்கை நீட்டிக் காற்றிலுள்ள வாசனைத் துகள்களை வாங்கி, மேலண்ணத்தில் உள்ள ஓர் உறுப்பால் உணர்கிறது. அது தேடுவது எலியையும் தவளையையும். பூவில் அதற்கு என்ன இருக்கிறது? ஆனால் பாட்டிமார் சொன்னதில் வேறொரு உண்மை உண்டு. இரவு ராணியை அதன் போக்கில் விட்டால் பத்தடிக்கு மேல் வளர்ந்து, கிளை தரையில் கவிந்து, அடியில் இருட்டும் ஈரமுமாகப் புதர் மண்டும். அங்கே உடைந்த தொட்டிகளையும் செங்கல்லையும் போட்டுவைப்போம். தவளை வரும், எலி வரும், பிறகு அவற்றைத் தேடுகிறதும் வரும். முழங்கால் உயரம்வரை அடிக்கிளைகளை எடுத்துவிட்டு, கீழே பெருக்கும்படி வைத்திருங்கள், பயம் தேவையில்லை.

வளர்ப்பைப் பற்றிச் சொல்ல அதிகமில்லை. கொலைகாரன் கையிலும் பிழைத்துக்கொள்ளும் செடி. நான் தரும் குச்சி பென்சில் கனத்தில், ஒரு சாண் நீளத்தில், மூன்று நான்கு கணுக்களோடு இருக்கும். கீழ்க்கணுவுக்குச் சற்றுக் கீழே சாய்வாக வெட்டியிருப்பேன். உச்சியில் இரண்டு இலையை மட்டும் பாதியாக நறுக்கி விட்டுவிட்டு மற்றதைக் கிள்ளிவிடுங்கள். கற்றாழைச் சோற்றில் முக்கி நடுவது நம் வழக்கம். முக்காமல் நட்டாலும் கோபித்துக்கொள்ளாது. மணலும் தென்னைநார்க் கழிவும் சமபங்கு, நிழல், ஈரம் காயாமல் தெளிப்பு, அவ்வளவுதான். துளிர் விட்டதும் வேர் பிடித்துவிட்டது என்று பிடுங்கிப் பார்க்காதீர்கள். குச்சியில் மிச்சமிருக்கும் சத்திலேயே முதல் துளிர் வந்துவிடும், வேர் பின்னால்தான் வரும்.

மண்ணில் வைக்க இடமில்லாதவர்கள் 18 அங்குலத் தொட்டி எடுங்கள். சின்னப் பையில் வைத்தால் சித்திரை வெயிலில் மதியமே தலை தொங்கிவிடும். செம்மண், மணல், மக்கிய தொழுவுரம் என்ற நம் வழக்கமான கலவை போதும். வெயில் கண்டிப்பாக வேண்டும். நிழலில் வைத்தால் கிளை நீளுமே தவிரப் பூ குறையும். 'இலை செழிப்பா இருக்கு, பூ வரலை' என்று அடுத்த வருஷம் சொல்லப்போகிறவர்களுக்கு இப்போதே பதில்: ஒன்று வெயில் போதவில்லை, அல்லது கடலைப் புண்ணாக்குக் கரைசலை அளவில்லாமல் ஊற்றியிருக்கிறீர்கள். நம்மில் சிலருக்கு அந்தக் கை கொஞ்சம் தாராளம்.

முக்கியம் கவாத்து. பூப்பது புதுத்தளிரில். ஒரு சுற்றுப் பூ ஓய்ந்த கையோடு கிளைகளை மூன்றில் ஒரு பங்கு வெட்டிவிட்டால் பழம் பிடிக்காது, செடி மார்பளவில் நிற்கும், புதுத்தளிர் வந்து அடுத்த சுற்றும் நன்றாகப் பூக்கும். ஒரே வெட்டில் மூன்று காரியமும் முடியும். வெட்ட மனம் வரவில்லை என்பவர்கள் வேறு செடி பார்க்கலாம். பூச்சி என்றால் மாவுப்பூச்சி, வெள்ளை ஈ, அசுவினி. தண்ணீரை வேகமாகப் பீய்ச்சி, தேவைப்பட்டால் வேப்பெண்ணெயும் சோப்புக் கரைசலும் அடியுங்கள். பங்காளிகள் என்று சொன்னேனே, தக்காளிக்கும் கத்தரிக்கும் வரும் அதே கூட்டம்தான் இதற்கும் வரும். காய்கறித் தொட்டிகளிலிருந்து தள்ளியே வையுங்கள்.

இப்போது குச்சி தரமுடியாதவர்கள்.

ஊட்டியிலும் கொடைக்கானலிலும் இருக்கும் உறவினர்களுக்கு என்று கேட்டவர்களுக்குக் கண்டிப்பாக இல்லை. இதே செஸ்ட்ரம் பேரினத்தில் ஆரஞ்சுப் பூப் பூக்கும் ஒன்று, செஸ்ட்ரம் ஆரன்டியாகம், அழகுக்காக வந்து இன்று நீலகிரியிலும் பழனி மலையிலும் சாலையோரம், தோட்ட ஓரம், சோலை விளிம்பு என்று பரவி நிற்கிறது. அந்தப் பக்கம் போனவர்கள் பார்த்திருப்பீர்கள். பெயர் தெரியாமல் படமும் எடுத்திருப்பீர்கள். நம் இரவு ராணியும் ஹவாய்த் தீவுகளிலும் நியூசிலாந்திலும் தோட்டத்திலிருந்து காட்டுக்குள் ஏறிக் களையாகிவிட்டது. நமக்கு நஞ்சாக இருக்கிற பழம் சில பறவைகளுக்கு உணவு. அவை தின்று எச்சமிடும் இடமெல்லாம் விதை. உண்ணிச்செடியும் ஒரு காலத்தில் தோட்டத்து அழகுச் செடியாகத்தான் இந்தியாவுக்கு வந்தது. முதுமலைப் பக்கம் அது தின்ற காட்டை இன்றுவரை மீட்டுக்கொண்டிருக்கிறார்கள். சோலைக்காட்டின் வாசலில் கொண்டுபோய் இன்னொரு விதையை வைக்க என் கத்தரிக்கோல் உதவாது. சமவெளியில் இருப்பவர்களிடமும் காய் பிடிக்கும் முன் வெட்டுங்கள் என்று நான் அடித்துச் சொல்வதற்குக் குழந்தைகள் ஒரு காரணம் என்றால், இது இரண்டாவது.

அடுக்குமாடிக் குடியிருப்பில் பால்கனி மட்டும் உள்ளவர்களுக்கும் தருவதாக இல்லை. வருத்தம் வேண்டாம். உங்கள் பால்கனிக்கும் மேல்வீட்டுப் படுக்கையறைக்கும் நடுவில் பத்தடி இருந்தால் அதிகம். இரவில் மணக்கும் செடிதான் வேண்டும் என்றால் நிலச்சம்பங்கிக் கிழங்கு தருகிறேன். அதுவும் மெக்சிகோவிலிருந்து வந்ததுதான். இன்று சத்தியமங்கலத்திலும் திண்டுக்கல்லிலும் வயல் வயலாகப் பூத்து நம் மாலைகளில் ஏறிவிட்டது. இருட்டியபின் மணம் கூடும், ஒரு பையில் நாலைந்து கிழங்கு போதும். அதிகம் என்று தோன்றினால் தண்டை வெட்டிச் சாமிக்கு வைத்துவிடலாம். ஜாதிமல்லியைக் கம்பியில் ஏற்றிவிட்டால் சாயங்காலம் மொட்டு பறிக்கலாம்.

கொஞ்சம் பெரிய தொட்டி வைக்க இடமும் தினமும் பெருக்கப் பொறுமையும் இருந்தால் பவளமல்லி வையுங்கள். இது உண்மையிலேயே மல்லிகைக் குடும்பம். அந்தியில் விரிந்து, விடியும்போது ஆரஞ்சுக் காம்போடு தரையில் உதிர்ந்து கிடக்கும். விழுந்த பூவைப் பூசைக்கு எடுக்கக்கூடாது என்ற விதிக்கு நம் ஊரில் விலக்குப் பெற்றிருப்பது இது. திருவாரூர் மாவட்டத்துத் திருக்களரில் சுவாமிக்கே பாரிஜாதவனேசுவரர் என்று பெயர், தலமரமும் இதுதான். மணம் மென்மையானது, மேல்வீட்டுக்காரர் கேட்டு வாங்கிக்கொள்வார், அல்லது கவனிக்கவே மாட்டார். இலை உப்புத்தாள் போலச் சொரசொரக்கும், அதனால் வேலியோரம் பார்க்கப் பெரிய அழகில்லை. இரண்டில் எது வேண்டும் என்று என்னைக் கேட்டால், தனி வீட்டு வாசலுக்கு இரவு ராணி, மற்ற எல்லா வீட்டுக்கும் பவளமல்லி என்பேன்.

ஆடி கடைசியில் செடியைக் கவாத்து செய்யப்போகிறேன். குச்சி வேண்டும் என்கிற தனி வீட்டுக்காரர்கள் அந்த வாரம் ஈரத்துணியும் ஒரு பையுமாக வாருங்கள். வருவதற்கு முன் இரண்டு வேலை செய்திருக்க வேண்டும்: ஊதுவத்திப் புகையைப் பார்த்து இடத்தை முடிவு செய்வது, அடுத்த வீட்டில் ஒரு வார்த்தை கேட்பது. வேண்டாம் என்று அவர்கள் சொல்லியிருந்தாலும் வாருங்கள், பவளமல்லி விதை எடுத்து வைத்திருக்கிறேன்.

அன்புடன்,
உங்கள் தோட்டத் தோழி